இடுப்பளவு நோட்டு

மேரித் ஹலேனியுஸின் முதல் அளவை எடுத்தது நானல்ல.
எனக்கு முந்தைய தையற்காரியின் கையெழுத்து அது:
இடுப்பு அறுபத்தொன்று, தோள் முப்பத்தெட்டு.
ஓரத்தில் பென்சிலால்,
‘மூச்சை உள்ளிழுத்துக்கொள்கிறாள். இரண்டு கூட்டி வெட்டு.’

ஐம்பத்தேழு, நோர்ஷோப்பிங்.
தட்டேந்தி வரும் பணிப்பெண். வசனம் கிடையாது.
தட்டில் ஆறு கோப்பை. ஒன்று
இரவு தவறாமல் நடுங்கும்.
கதாநாயகன் தன் சோகத்தைச் சொல்லி முடிக்கும்வரை
அரங்கம் அந்தக் கோப்பையையே பார்த்ததாம்.
அவர் புகார் செய்தார்,
தட்டைப் பிடுங்கிக்கொண்டார்கள்.
மறுநாள் வெறுங்கை நடுங்கியது.

நான் வந்தது அறுபத்து மூன்றில்.
அடுத்த பிப்ரவரி எழுபத்தொன்று,
மார்ச் எழுபத்தாறு.
அவள் அப்போது கன்னி இளவரசி.
வாரம் ஒரு மடிப்பாய்ப் பிரித்துவிட்டேன்.
அளவு நாடாவுக்குப் பொய் வராது,
எனக்கு வரும்:
‘ரொட்டி கொஞ்சம் அதிகமாகத் தின்கிறாள்’ என்றேன் மேலாளரிடம்.
ஜூனில் பிள்ளை பிறந்தபோது
அவர் எனக்குத்தான் பூ அனுப்பினார்,
எரிச்சலோடு.

வடக்கே போன பயணங்களை
நோட்டில் எழுத இடமில்லை.
யெல்லிவாரேயில் பேருந்தின் வயிற்றிலிருந்து எடுத்த பாவாடைகள்
உறைந்து, ஆளில்லாமல் தாமாகவே நின்றன.
மேரித் ஒவ்வொன்றின் முன்னும் குனிந்து வணங்கி
‘இன்று நீயே நடி’ என்றாள்.
சுரங்கத்திலிருந்து நேரே வந்தவர்கள்
முதல் அங்கத்தில் தூங்கி, மூன்றாவதில் அழுதார்கள்.

பிறகு சினிமா.
பனிக்காலக் கதையை ஜூலையில் எடுத்தார்கள்,
ஸ்டாக்ஹோமுக்கு வெளியே ஒரு தீவில்.
பனிக்கு உப்பு.
கம்பளிக் கோட்டுக்குள் அவள் வெந்துகொண்டே
குளிரில் விறைத்துக் காட்டினாள்.
திரையில் அவள் முகம் வீட்டுச் சுவரளவு.
ஊரெல்லாம் அந்தக் கண்களைப் பற்றிப் பேசியது.
காலரில் ஒரு தையல் கோணல்.
நான் வேறெதையும் பார்க்கவில்லை.

எண்பத்து மூன்றிலிருந்து எண்பத்தொன்பதுவரை
பக்கம் காலி.
ஐம்பதை நெருங்கும் பெண்ணுக்கு
யாரும் வேடம் எழுதியிருக்கவில்லை.
வானொலி கூப்பிட்டது.
வானொலிக்கு இடுப்பு வேண்டாம்.
மற்றவர்களின் கால்சட்டைகளை இஸ்திரி போட்டபடி கேட்பேன்:
உருளைக்கிழங்கு எண்ணும் ஒருத்தி,
ஏழுக்குப் பிறகு நிறுத்திவிடுகிறாள்.
அவ்வளவுதான். என் துணி கருகிவிட்டது.

அந்த வருஷங்களில் ஒருநாள்
பட்டறைக்கு வந்தாள். ஈரக் காலணி.
பொத்தான் டப்பாவைக் கிளறிக்கொண்டிருந்தாள்.
காப்பி ஆறியது.
‘அளவு எடு’ என்றாள்.
எந்த வேடத்துக்கு?
‘வேடமில்லை. இருக்கிறேனா என்று பார்.’
எடுத்தேன். எழுபத்தெட்டு.
நோட்டில் பதியவில்லை.

அதன்பின் தொலைக்காட்சியில் துப்பறிவாளனின் அம்மா ஆனாள்,
பதினோரு பருவம்.
இப்போது கடையில் பால் எடுக்கப் போனால்
பையன்கள் கேட்கிறார்கள், கொலைகாரன் யாரென்று.
‘பால்காரன்’ என்று சொல்லிவிட்டு நகர்கிறாள்.
ராணிகளும் அந்த உப்புப் பனியும்
அவர்களுக்குத் தெரியாது.
அவளும் சொல்வதில்லை.

எழுபத்தெட்டு வயதில் மறுபடி மேடை.
வசனம் நழுவத் தொடங்கியிருந்தது.
காதில் ஒரு கருவி,
அதன் மின்கலத்துக்கு ஜாக்கெட்டின் உள்ளே ஒரு பை.
ஓய்வுபெற்ற என்னைக் கூப்பிட்டுத் தைக்கச் சொன்னாள்,
‘வேறு யாருக்கும் தெரிய வேண்டாம்.’
ஐம்பது வருஷத்துக்கு முந்தைய அதே குரல்.

நான்காம் இரவு கருவி செத்துப்போனது.
வாக்கியத்தின் நடுவில் நின்றாள்.
மேலிருந்து ஒவ்வொரு பொத்தானாகத் தொட்டாள்.
அரங்கில் ஒரு இருமல்கூட இல்லை.
ஐந்தாவது பொத்தானில் சொல் கிடைத்தது.
மறுநாள் பத்திரிகை அந்த மௌனத்தைக் கொண்டாடி
இரண்டு பத்தி எழுதியது.

உடைமாற்றும் அறையில் தோளைத் தளர்த்திக்கொண்டு
‘ஏழு பொத்தான் போதாது’ என்றாள்.

இடுப்பு எண்பத்து நான்கு.
மூச்சை உள்ளிழுக்கவில்லை.
பொத்தான் எட்டு.